மூடிய அடைப்பு

ஜாலான் டூத்தா நீதிமன்றத்தில் தந்த தாள்
மலாயில் இருக்கிறது.
'குறைந்தது ஐம்பது மீட்டர்' என்ற இடத்தில்
பென்சிலால் கோடிட்டேன்.
ஆசிரியைப் புத்தி, வேறென்ன.

அவன் பெயர் வேண்டாம். x என்று வைத்துக்கொள்வோம்.
நான் பூச்சியம்.

|x| ≥ 50

செந்தூலில் டோபிக் கடைக்கு மேலே
என் டியூஷன் வகுப்பு.
கீழே மெஷின் சுழலும்போது வெள்ளைப்பலகை நடுங்கும்,
அதனால் நான் போடும் எண்கோடு
எப்போதும் கொஞ்சம் கோணல்.

"டீச்சர், ஏன் ரெண்டு விடை வருது?"
ஆறாம் படிவம் லோஷினி கேட்டாள்.
மட்டு மதிப்புக்குத் தூரம் போதும்,
எந்தப் பக்கம் என்று விசாரிக்காது என்றேன்.
யுகேந்திரன் வழக்கம்போல எதிர்ப்பக்கத்தை விட்டுவிட்டு
x ≥ 50 என்று மட்டும் எழுதி
நிம்மதியாகப் பேனாவை மூடினான்.
பாதி மதிப்பெண் போட்டேன்.
போன பிப்ரவரியில் நானும் அப்படித்தான்,
ரயில் நிலையத்துப் பக்கமே பார்த்துக்கொண்டு நின்றேன்;
அவன் பாசார் பக்கமாக வந்தான்.
முழங்கையில் நான்கு தையல்.

விடை:
(−∞, −50] ∪ [50, ∞)

முடிவிலிப் பக்கம் எப்போதும் வட்ட அடைப்பு.
யாரும் அங்கே போய்ச் சேர்ந்ததில்லை.
அவன் அங்கே போய்த் தொலையட்டும் என்று
எத்தனை சாமிக்கு நேர்ந்தாயிற்று.
இந்தப் பக்கம் சதுரம்.
'குறைந்தது' என்ற ஒரு சொல் போட்ட சதுரம்.
சரியாக ஐம்பது என்றால்
சட்டப்படி அது அவனுடைய இடம்.

ஆ ஹொக்கின் பட்டறையில் டேப் இரவல் வாங்கி அளந்தேன்.
ஐம்பது போய் விழுந்தது
பழைய மின்கம்பத்தின் அடியில்.
அன்று மாலையே அங்கே
மோட்டாரைச் சாய்த்துக்கொண்டு நின்றான்.
அவனும் அளந்திருக்கிறான்.
ஏழு மணியிலிருந்து ஒன்பது வரை, பதினொரு நாள்,
கோட்டின் மேல் மை நிரப்பி வைத்த புள்ளி மாதிரி.
நடுவில் மிச்சம் (−50, 50), என் பங்கு.
இரண்டு முனையும் எனக்கில்லை.

பன்னிரண்டாம் நாள் வகுப்பில்
|x − 12| ≥ 50 என்று எழுதிக்கொண்டிருந்தவள்
மார்க்கரோடு அப்படியே நின்றுவிட்டேன்.
தாளில் வீட்டு எண் இல்லை.
'என்னிடமிருந்து' என்றுதான் இருக்கிறது.
நான் நடந்தால்
நடுப்புள்ளியும் கூடவே நடக்கும்.

"போட்டு வைங்க, வந்துடறேன்."
படியிறங்கினேன்.
பீசாங் கோரேங் வண்டி பன்னிரண்டு மீட்டரில்,
அவன் நிற்கும் பக்கம்.
இரண்டு ரிங்கிட்டுக்குக் கேட்டேன்.
முதலில் அவனுக்குப் புரியவில்லை.
பிறகு மோட்டாரை மெல்லப் பின்னால் தள்ளினான்.
கணக்கில் எப்போதும் சுமார்தான்.
சாக்கடை மூடிகளை எண்ணினேன், மூடிக்கு ஒரு மீட்டர்:
எட்டு.

58-ஐப் பிரதியிடு.
58 − 12 = 46.
ஐம்பதைவிடச் சிறியது.
மின்கம்பமும் மூடிகளும் அவனும் தெரிய
போனில் படம் எடுத்து
சார்ஜன் நோராய்னிக்கு அனுப்பினேன்.

மேலே ஜன்னலில் லோஷினியின் தலை:
"டீச்சர்! 62-க்குச் சதுரமா, வட்டமா?"
எண்ணெய் ஊறிய காகிதம் விரலைச் சுட்டது.
"சதுரம்!" என்று கத்தினேன்,
தெருக்கோடிவரை கேட்கும்படி.
"அறுபத்திரண்டும் சேரும்.
இன்னும் நாலு மீட்டர்!"