வசனத்தாளில் என் வாய்

கேபிள் தனகோட்டி வீட்டு மாடித் தகரக் கொட்டகையில்
பிறந்தநாள் வாழ்த்துகளுக்கு நடுவே
பர்மா பஜார் கேம் கேசட்டுகளை ஆடிக் காட்டியதுதான் தொடக்கம்.
முதல் சம்பளம் முந்நூறு.
அதிலும் உடைந்த ஜாய்ஸ்டிக்குக்குப் பிடித்தம்.

கிண்டி ஸ்டூடியோவில்
ஞானமேரியில் ஞானத்தை எடுத்துவிட்டு
மேரி போதும் என்றார்கள்.
நாக்குக்கு வாத்தியார் வைத்தார்கள், ஆறு மாதம்.
'இன்னா' போய் 'என்ன' வந்தது.
புது கேம், புது டீசர்,
கொரியப் பாட்டுக்காரன் தலைமுடியின் நிறம்வரை
சுத்தமாகச் சொன்னேன்.

ஒரு நேரலையில் கடைசி அரக்கன்
என்னைக் குத்திச் சாய்த்தபோது
'அய்ய, இன்னாடா இப்டி அடிக்கிறான்'
காசிமேடே வாயிலிருந்து குதித்துவிட்டது.

வேலை போச்சென்று தூங்கவில்லை.
விடிந்தால் ஊரெல்லாம் அதே வரி.
மறுவாரம் வசனத்தாளில்
எட்டு இடத்தில் 'இன்னா'.
எழுதியவருக்கு ஊர் பொள்ளாச்சி.
எல்லாம் தப்பான இடத்தில்.
திருத்தாமல் படித்தேன், நான்கு வருடம்.

இன்று கொருக்குப்பேட்டை கேட்.
சரக்கு ரயில் முடிகிற வழியாயில்லை.
பக்கத்து வண்டிப் பின்சீட்டில் ஒரு பையன்
போனில் செத்துச் செத்துப் பிழைக்கிறான்.

ஹெல்மெட்டுக்குள்ளிருந்து கேட்டேன்:
'இன்னா லெவலு?'

நிமிராமலே சொன்னான்:
'டிவில வர்ற அக்கா மாரி பேசாதக்கா.'