ஒருபக்கத் தாள்

கொழிஞ்சாம்பாறை பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே
என் ஜெராக்ஸ் கடைக்கு அவர் வந்த அன்று
கரண்ட் இல்லை.
நின்றார்.
கக்கத்தில் நாலு கிலோ தாள்,
கழுத்தில் வேலந்தாவளம் வெயில்.

பெயர் பாவோ வான் ஹெக்கெ.
தம்பி காதில் விழுந்தபடி
ரசீதில் எழுதினான்: பாவம்.
கடைசிவரை அந்தப் பெயரில்தான் பற்று.

படத்துக்குக் கதை எழுதுகிறவராம்.
எல்லைச் செக்போஸ்டில் ஒரு கோழி லாரி,
அதற்குள் ஒரு பிணம், இரண்டு மாநிலப் போலீஸ்,
பிணம் யாருடையது என்று
யாரும் வாங்கிக்கொள்ளாத கதை.
பழைய தாள்களின் பின்பக்கத்தில் அச்சடிக்கச் சொன்னார்:
"ஒரு பக்கம்தானே வீணாயிற்று."

சுருண்ட தாள் மெஷினுக்கு ஆகாது.
எட்டுக்கு ஒன்று மாட்டியது.
நான் உருவி எடுக்கும் ஒவ்வொன்றிலும்
கருகிய ஓரத்தோடு
அவர் வயதில் ஒரு வருஷம் வந்தது.

இது கெண்ட் நகரத்து ரேடியோ நாடகம்.
இருபத்து மூன்று வயது.
மழையையும் சைக்கிள் மணியையும் தவிர
வேறெதுவும் எழுதத் தெரியாதாம் அப்போது.

இது கறிக்கடைக் குடும்பத்து டிவி தொடர்,
நானூற்றுப் பத்து நாள்.
அந்தக் காசில் வீடு வந்தது;
அந்த வேலையில் மனைவி போனாள்.

இது பிரெஞ்சு பேசும் தயாரிப்பாளருக்காக.
திரையில் தன் பெயரைத்
தானே எழுத்துக்கூட்ட வேண்டியிருந்ததாம்.

இது ஆம்ஸ்டர்டாம்காரர் இயக்கியது.
அம்மா வீட்டில் அவரைக் கூப்பிட்ட 'நீ' வேறாம்,
படத்துக்கு ஆன 'நீ' வேறாம்.
அறுபத்தேழு இடத்தில் சிவப்பு மை.
எண்ணிப் பார்த்தேன், சரியாக இருந்தது.

"பதினொன்று எழுதினேன்,
மூன்று வெளிவந்தது,
ஒன்று எனக்குப் பிடிக்கும்" என்றார்.
எது என்று நான் கேட்கவில்லை.
மெஷின் சூடாகியிருந்தது.

எங்களுக்கும் அப்படித்தான் என்றேன் அரைகுறை இங்கிலீஷில்.
வீட்டில் தமிழ், ரேஷன் கார்டில் மலையாளம்.
கோயமுத்தூரில் துணி எடுத்தால் 'கேரளாவா?'
பாலக்காட்டில் பஸ் ஏறினால் 'பாண்டி'.
குறித்துக்கொள்வார் என்று நினைத்தேன்.
அவர் பிஸ்கட்டை டீயில் தோய்த்தார்,
பாதி உடைந்து உள்ளே போனது,
அதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

நாற்பத்தோராம் பக்கத்தில்
'கிராமத்துப் பெண் 2' பிணத்திடம் கேட்கிறாள்:
"தாங்கள் எங்கிருந்து வருகிறீர்கள்?"
சென்னையில் யாரோ தமிழாக்கிக் கொடுத்தது.
இந்த ஊரில் உயிரோடு இருப்பவரிடமே
யாரும் அப்படிக் கேட்டதில்லை.
அடித்துவிட்டு எழுதினேன்:
"நீங்க எவடங்க?"
அதற்குப் பில் போடவில்லை.

நூற்று நாற்பது பக்கம்
தொண்ணூறாகி, அறுபத்தொன்றாகி
ஒரு வியாழக்கிழமை லாட்ஜைக் காலி செய்தார்.
பாக்கி முந்நூற்றுப் பதினைந்து ரூபாய்க்கு
ஐந்நூறு தந்து
சில்லறைக்குக் காத்து நின்றார்.
பிறகு நிற்கவில்லை.

மூன்று வருஷம் கழித்து ஒரு லிங்க் வந்தது.
ராத்திரி இரண்டு மணி, கடைக் கம்ப்யூட்டரில் பார்த்தேன்.
போர்ச்சுகலில் எடுத்திருக்கிறார்கள், செலவு குறைவாம்.
பனைக்குப் பதில் வேறேதோ மரம்.
கோழி லாரி மீன் லாரியாகியிருந்தது.
பிணத்துக்கு ஊர் கிடைத்துவிட்டது,
கடைசியில் எல்லோரும் அழுகிறார்கள்.
ஐம்பத்திரண்டாவது நிமிஷத்தில்
கொசுவம் தப்பாகச் செருகிய ஒருத்தி
குனிந்து கேட்கிறாள்:
"நீங்க எவடங்க?"
நாக்கு வழுக்குகிறது, ஆனால்
கேள்வி எங்கள் ஊர்க் கேள்வி.

எழுத்து என்ற இடத்தில் இரண்டு பெயர்.
அவருடையது இரண்டாவது,
ஓர் எழுத்து குறைவாக.
அமலோற்பவம் எங்கும் இல்லை,
தேடவும் இல்லை,
சரி, ஒரே ஒருமுறை தேடினேன்.

மாட்டிக் கிழிந்த தாள்கள் கொஞ்சம் இங்கேயே கிடக்கின்றன.
இரண்டு பக்கமும் அச்சடித்த தாள்,
பொட்டலத்துக்கும் ஆகாது.
நாலாக மடித்து
மெஷின் கால் ஒன்றுக்கு அடியில் வைத்திருக்கிறேன்.
இப்போது ஆடுவதில்லை.