நிகர எடை

மலாயில் பத்து என்றால் கல்.
எங்கள் ஊர் பத்து லீமா,
ஐந்தாவது மைல்கல்.
தமிழ் மட்டும் தெரிந்து வருகிறவர்கள்
பத்தா ஐந்தா என்று குழம்புவார்கள்.
சௌரிநாதன் குழம்பவில்லை.
"ஊர் என்பது கல்லின் பெயர்.
நாமெல்லாம் அதில் ஒட்டிய தூசி"
என்று முதல் பக்கத்திலேயே எழுதிவிட்டார்.

தத்துவம் எழுத அவரிடம் இருந்தது
மூணு அஞ்சு அச்சடித்த கடன் நோட்டு.
உட்கார்ந்து எழுத
செம்பனை முடிந்து குவாரி தொடங்கும் இடத்தில்
எடைமேடைக் கூண்டு.

என் லோரி ஏறும். திரையில் எண் நடுங்கி நிற்கும்.
வண்டி எடையைக் கழிப்பார்:
பதினாலு டன், முக்கால் அங்குல ஜல்லி.
சீட்டைக் கிழிக்காமல் கையில் வைத்துக்கொண்டு
"கல் மறக்காது, மருதப்பா.
மறப்பதற்கு ஈரம் வேண்டும்.
நமக்கு உடம்பெல்லாம் ஈரம்.
கல்லுக்கு நினைவு உண்டு என்பதுகூடத் தப்பு.
நினைவு இறுகி நிற்பதைத்தான்
கல் என்று கூப்பிடுகிறோம்" என்பார்.
பின்னால் ஆறு லோரி ஹாரன் அடிக்கும்.

வெடி வைக்கிற கமருடின் ஒருநாள் கேட்டான்,
நான் உடைத்தால் உன் நினைவும் உடையுமா?
இரண்டு நாள் யோசித்தார். மூன்றாம் நாள்
கோப்பிக் கடையில் அவனைத் தேடிப் போய்ச் சொன்னார்:
"உடையாது. ஆள் கூடும்.
ஒரு சாட்சி இருந்த இடத்தில் லட்சம் சாட்சி."
கமருடின் தே தாரேக்கைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்தான்.
எனக்கும் அந்த வார்த்தை பிடிக்கவில்லை.

அக்டோபரில் ஒரு மதியம்
ரஃபிகுல் மேல் சரிந்தது பாறை.
சில்ஹெட்காரன். இருபத்து மூன்று.
உருளைக்கிழங்குக்குத் தமிழில் என்ன என்று
முந்தின நாள்தான் கேட்டிருந்தான்.

மேசை போட்டு விசாரித்தார்கள்.
வெடிக்கு முன்னால் சங்கு ஊதியதா?
ஊதியது என்றான் கமருடின்.
ஊதியது என்றேன் நான்.
கூண்டுக்குள் மின்விசிறி இரைச்சல்,
சரியாகக் கவனிக்கவில்லை என்றார் சௌரிநாதன்.

அந்தப் பாறையை மறுவாரம் அரைத்தார்கள்.
நான்தான் கொண்டுபோய்க் கொட்டினேன், நாலு நடை,
ஏழாம் மைல் புதுச்சாலைக்கு.

அதன்பின் நோட்டு மூடியே கிடந்தது.
சீட்டு சட்டென்று கிழிந்து கைக்கு வந்தது.
யாருக்கும் ஹாரன் அடிக்க வேலை இல்லை.

பிப்ரவரியில்
விலாவைப் பிடித்துக்கொண்டு தரையில் உருண்டார்.
தாப்பா ஆஸ்பத்திரியில் டாக்டர் படத்தைப் பார்த்து
"அடா பத்து" என்றார்.
"பத்தா!" என்று அலறினாள் மனைவி ஃபிலோமினா,
ஐம்பது வருடமாக மலாய் பேசுகிறவள்.
ஒன்றுதான். மிளகளவு.
மூன்றாம் நாள் தானே இறங்கியது.
தாதி அதைச் சின்னப் போத்தலில் போட்டுக் கொடுத்தாள்.

வேலைக்குத் திரும்பிய அன்று
என் லோரியைக் கீழேயே நிறுத்தச் சொல்லி
போத்தலை மேடை நடுவில் வைத்தார்.
பூஜ்யம்.
அறுபது டன் தாங்கும் மேடை, அதற்கு இது தெரியவில்லை.
எடுத்துத் துடைத்து மறுபடி வைத்தார்.
பூஜ்யம்.

"மற்ற கல்லெல்லாம் வெளியே இருந்து பார்த்தவை.
இது ஒன்றுக்கு நான்தான் மலை" என்றார்.
கொஞ்சம் பொறுத்து,
"இதற்கும் சங்கு கேட்டிருக்காது."

எஞ்சினை நான் அணைக்கவில்லை.

கார்பன் தாள் வைத்து மூன்று படியில் சீட்டு எழுதினார்.
பொருள்: கல்.
அனுப்புநர்: தன் முழுப்பெயர், அப்பா பெயரோடு.
பெறுநர்: தொழிலாளர் இலாகா, ஈப்போ.
நிகர எடைக் கட்டத்தில் பேனாவைக் கொஞ்ச நேரம் ஊன்றியிருந்தார்.
மை ஒரு புள்ளியாய்ப் பரவியது. அப்படியே விட்டார்.

ஓட்டுநர் கையெழுத்து என்று அச்சடித்த கோட்டை
விரலால் காட்டி
பேனாவை என் ஜன்னலுக்கு நீட்டினார்.

பின்னால் யாரோ ஹாரன் அடித்தார்கள்.