நோட்டு ஒன்று

தூத்துக்குடியிலிருந்து வந்தவர்
எத்தனை டன் என்று கேட்கவில்லை.
கரண்ட் பில்லைப் புரட்டவில்லை.
அம்மோனியா வாடைக்குக் கைக்குட்டையை மூக்கில் வைத்தபடி
"மரியசெங்கோல் வராத அன்னைக்கு
இங்க ஐஸ் உறையுமா?" என்றார்.
தொண்டியில் யாரோ சொல்லியிருக்கிறார்கள்.

உறையாது.
பதினாறு வருஷத்தில் ஒருநாள், அவர் தங்கை கல்யாணத்தன்று,
உறையவில்லை.
முப்பது படகு வெறும் பெட்டியோடு நிற்க
பந்தலுக்கே ஆட்டோ அனுப்பினேன்.
பட்டுவேட்டியோடு வந்து
ஏதோ ஒரு வால்வைக் கால் சுற்றுத் திருப்பிவிட்டுப் போனார்.
எந்த வால்வு என்று நான் கேட்கவில்லை.
கேட்காததன் விலை பன்னிரண்டு லட்சம்,
வந்தவர் கணக்கில்.

தடைக்காலம். அறுபத்தொரு நாள் மெஷினுக்கு ஓய்வு.
நாற்பது பக்க நோட்டு வாங்கிக் கொடுத்து
"எல்லாத்தையும் எழுதுங்க, ஆடிட்டர் கேட்கிறார்" என்று
பொய் சொன்னேன்.
வால்வுகளுக்கு மஞ்சள் பெயிண்டில் எண் போட்டோம், பதினெட்டு.
ஐடிஐ முடித்த இரண்டு பேரைச் சேர்த்தேன்,
காளீஸ்வரி, நைனார்.

நோட்டு வந்தது.
'பிரஷர் ஏறினால் ஒன்பதைத் திற.
அப்படியும் இறங்காவிட்டால் என்னைக் கூப்பிடு.
உப்புத்தண்ணி கலங்கினால் என்னைக் கூப்பிடு.'
பதினோரு இடத்தில் 'என்னை'.
ஒவ்வொன்றையும் சிவப்புப் பேனாவால் சுழித்துத்
திருப்பிக் கொடுத்தேன்.
என் முகத்தையே பார்த்தார்.
"ஆடிட்டர் எந்த ஊரு, தூத்துக்குடியா?"

அதற்கப்புறம் பொய் சொல்லவில்லை.
விற்கிற பணத்தில் உங்களுக்கு இவ்வளவு என்று
தாளில் எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.
படிக்காமல் மடித்து வைத்துக்கொண்டு
நோட்டைக் கேட்டு வாங்கிப் போனார்.

படகுகள் இறங்கிய வாரம்
அவரைக் குடும்பத்தோடு வேளாங்கண்ணிக்கு அனுப்பினேன்.
பத்து நாள். கூப்பிட மாட்டோம் என்றேன்.
நான்காம் ராத்திரி
காளீஸ்வரி நோட்டைப் பார்த்து ஒன்பதைத் திறந்தாள்,
பிறகு பதினான்கைக் கால் சுற்று.
முள் இறங்கியது.
நைனார் கை தட்டினான்.
நான் தட்டினேனா, நினைவில்லை.

திரும்பி வந்தவர் போனைக் காட்டினார்:
"பத்து நாளும் சார்ஜ் போட்டே வச்சிருந்தேன்."

கிரயப் பட்டியலில்
கம்ப்ரசர் இரண்டு, கன்டன்சர் ஒன்று,
கேன் முந்நூற்று இருபது, நோட்டு ஒன்று.
வந்தவர் திருப்தியாகத் தலையாட்டினார்.
பிறகு என் பக்கம் திரும்பி,
"கடனுக்கு ஐஸ் வாங்கின படகுக்காரங்க
உங்களைத் தவிர வேற ஆளுக்குப் பணம் குடுப்பாங்களா?"

நான் பதில் தேடிக்கொண்டிருந்தேன்.
செங்கோல் எழுந்து பெட்டிக்கடைக்குப் போய்
நாற்பது பக்க நோட்டு ஒன்று வாங்கிவந்து
என் முன்னால் வைத்தார்.

சட்டைப்பையில் சிவப்புப் பேனா இருந்தது.