அவர்களுக்கு இன்னும் வியாழக்கிழமை

முதல் விஷயம், எம்.சி. எடுக்காதே.
வெள்ளிக்கிழமைக் காய்ச்சலை
எச்.ஆர். மோந்தே கண்டுபிடிப்பாள்.

ஒன்பதுக்குத் தொடங்கும்.
எட்டே காலுக்கே செந்தூலில் ரயில் ஏறு.
அந்த அரங்கத்தில் இப்போது வியாழன் சாயங்காலம்.
நாளைக்குள் நின்றுகொண்டு
நேற்றைப் பார்க்கப் போகிறோம் என்பான் சசிதரன்.
போன வருடமும் சொன்னான்.
போன வருடமும் யாரும் சிரிக்கவில்லை.

பசியாறிவிட்டு வா.
மூன்றரை மணி நேரம் ஓடும் நிகழ்ச்சியில்
விருதுகளைக் கூட்டிப் பார்த்தால் நாற்பது நிமிடம் தேறும்.
மீதியெல்லாம்
இன்னும் பிறக்காத விளையாட்டுகளின் வளைகாப்பு.
எல்லா முன்னோட்டத்திலும் ஒருவன் மழையில் திரும்பிப் பார்ப்பான்.
திரும்பட்டும். நீ தே தாரிக்கைக் குடி.

இடது திரையில் வேலையைத் திறந்து வை,
வலது திரையில் நிகழ்ச்சி.
வெய் கியாட் கண்ணாடி அறையிலிருந்து எட்டிப் பார்த்தால்
எதையாவது சுழற்று, ஒரு நாற்காலியையாவது.
(அவரும் பார்த்துக்கொண்டுதான் இருப்பார்.)

மேடையேறியவருக்கு முப்பது விநாடி.
நன்றிப் பட்டியலில் மனைவி பெயர் வரும்போதே
பியானோ தொடங்கிவிடும்,
கல்யாணப் பந்தியில் நாம் பாயாசத்துக்கு வந்ததுமே
நாற்காலிக்குப் பின்னால் வந்து நிற்பவர்களைப் போல.

அப்புறம் சிறந்த கலை வடிவமைப்பு.
இங்கே மட்டும் எழுந்து போகாதே.

ஐந்தில் ஒன்றின் பெயரை நான் சொல்ல மாட்டேன்.
பன்னிரண்டு பக்கம், பக்கத்துக்குப் பக்கம்
கையெழுத்துப் போட்டிருக்கிறேன்.
பதினொரு மாதம் அதற்கு
துரு செய்தேன்.

துருதான்.
ஜாலான் ஈப்போவில் மூடிக் கிடந்த டயர் கடையின்
இரும்புக் கதவை வெயிலில் நாற்பது படம்,
மழை விட்டதும் நாற்பது படம்.
வங்கிக் காவலாளி வந்து
வீடு வாங்கப் போறியா தங்கச்சி என்றார்.
முதல் கதவை அனுப்பினேன். பதில் வந்தது:
இன்னும் கொஞ்சம் சோகமாக.
துருவை எப்படி அழ வைப்பது?
கீல் பக்கம் இரண்டு கோடு கீழே வழியவிட்டேன்.
அற்புதம் என்றார்கள்.

இப்போது
அந்த விளையாட்டின் துண்டு ஓடுகிறது.
குகை, கடல், ஏதோ ஒரு பறவை,
நாயகன் ஓடி வந்து காலைத் தூக்குகிறான்,

ஏய் ஏய் உன் கதவு
என்று கத்தி ஃபர்ஹானா நிறுத்திவிட்டாள்.

நேரலையை நிறுத்தக் கூடாது. இது விதி.
நிறுத்தினால் உலகம் உனக்காகக் காத்திருக்காது.
ஆனால் நின்றுவிட்டது.
பதினாறு பேர் ஒரு திரையைச் சுற்றி.
உதை இன்னும் விழாத கதவு.
இரண்டு கோடுகள்.
ஹஃபீஸ் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப்
போட்டுக்கொண்டான்.
நல்லா இருக்குலா என்றான்.

அடுத்த அறையில், சோதனைப் பிரிவில்,
பெரிய சத்தம்.
ஆரவாரமா, ஐயோவா, சுவருக்கு இந்தப் பக்கம்
பிரித்தறிய முடியவில்லை.
மறுபடி ஓடவிடு என்று யாரும் சொல்லவில்லை.
ஃபர்ஹானாவின் விரல் பொத்தான் மேலேயே இருந்தது.

பிறகு தெரிந்துகொண்டோம். அது இங்கே வேண்டாம்.
யாரோ வெள்ளைக் கோட்டு போட்டவர் பேசினார்.
எங்கள் ஊரை அவர் சொல்லவில்லை,
சொல்லவும் முப்பது விநாடி போதாது.
பன்னிரண்டரைக்கு ஹஃபீஸ் தொழுகைக்குப் போனான்.
நான் நாற்காலியைச் சுழற்றினேன், நிஜமாகவே,
திங்கட்கிழமைக்குள் அனுப்ப வேண்டிய நாற்காலி.

இன்னும் ஒன்று. இது கட்டாயமில்லை.
வீட்டுக்குப் போகும்போது
ஒரு நிலையம் முன்னதாக இறங்கி நட.
டயர் கடை இருந்த இடத்தில்
குமிழித் தேநீர்க் கடை வரப்போகிறதாம்.
கதவுக்கு நீலம் அடித்திருந்தார்கள்.
எந்த இடம் என்று தடவித் தேடினேன்,
கீல் பக்கம்.

காயவில்லை.
கையில் ஒட்டிக்கொண்டது.