இருபது நொடி

பார்க்கத் தெரியாது எனக்கு.
கேட்கத் தெரியும்.

ஏற்காடு ரோட்டில் எங்கள் காலேஜ் மெஸ்ஸுக்கும்
கூடைப்பந்து மைதானத்துக்கும் நடுவே ஒரே சுவர்.
சுவரில் புகை போக ஓர் ஓட்டை,
அதில் சுற்றாத ஃபேன்.
ஏழு வருஷமாய் அதன் கீழேதான் என் சப்பாத்திக் கல்.

பந்து ஒரே அளவாய்த் தரையில் விழுந்தால்
ஒருத்தி நிதானமாகக் கொண்டு வருகிறாள்.
தடதடவென நெருங்கி விழுந்தால்
யாரோ மறிக்கிறாள்.
சட்டென்று நின்றால்
பந்து காற்றில் இருக்கிறது.
அதைக் கேட்க முடியாது.
மாவு தேய்க்கிற கையை நிறுத்திக்கொண்டு
காத்திருக்க வேண்டியதுதான்.

பிறகு டங் என்றால் ரிங்,
செவ்வாய்ப்பேட்டைப் பாத்திரக்கடையில்
தூக்குவாளி தவறின மாதிரி.
தொப்பென்றால் போர்டு.
எதிலும் படாமல் வலைக்குள் இறங்கினால்
புதுச்சேலையை ஒருதரம் உதறுகிற சத்தம்.
அதற்குத்தான் இத்தனை பேரும் கத்துகிறார்கள்.

ஒருநாள் பாப்பாத்தியிடம் சொன்னேன்,
நம்ம பிள்ளைகள் ஆறு பாயிண்ட் பின்னாடி.
எட்டிப் பார்த்துவிட்டு வந்தவள்
அன்று முழுக்க என்னோடு சரியாகப் பேசவில்லை.

ஃப்ரீ த்ரோவுக்கு முன்னால்
இரண்டு தட்டு, ஒரு மூச்சு, இன்னொரு தட்டு.
அப்படித் தட்டினால் அது ஜெசிந்தா.
ஒண்டிக்கடைப் பெண். மலைக்குளிரிலிருந்து இறங்கி வந்து
முதல் வருஷம் முழுக்க வேர்த்துக்கொண்டே இருந்தாள்.
முட்டை நாளில் மூன்று கேட்பாள்.
நாலாவதைக் குழம்புக்கு அடியில் ஒளித்து வைப்பேன்.

ஃபைனல் அன்று
வந்த டீம்களுக்கும் சேர்த்து நானூறு சப்பாத்தி.
யாரும் நகர முடியாது.
வார்டன் சகாயராணி தன் போனைப்
பருப்பு டின்னில் சாய்த்து வைத்துவிட்டுப் போனார்:
லைவ் வருது, பாருங்க.

சுவர் முதலில் சொன்னது.
போன் பிறகு சொன்னது.
மைதானத்தில் விசில் ஊதி, பிள்ளைகள்
தண்ணீர் பாட்டிலைத் திறந்திருப்பார்கள்,
அப்போதுதான் போனுக்குள் நடுவர் விசிலை வாயில் வைக்கிறார்.
எண்ணிப் பார்த்தேன். இருபது நொடி.
ஒரு சப்பாத்தி கல்லில் உப்பி அடங்குகிற நேரம்.

முதலில் வேடிக்கையாக இருந்தது.
இது விழாது பாரு, என்பேன். விழாது.
இது விழும், என்பேன்.
மாதேஷ் மாவுக்கையை நீட்டினான்,
எனக்கும் ஒரு குறி சொல்லுக்கா, கல்யாணம் எப்போ?
சிரித்தோம். வெளியே சேர்வராயன் மேல்
மின்னல் சத்தமில்லாமல் வெட்டியது.

கடைசியில்
கோயம்புத்தூர்க்காரிகள் ஒரு பாயிண்ட் மேலே.
நேரம் முடிந்துவிட்டது. ஒரே ஓர் எறி பாக்கி.
போட்டால் சமம்.

சுவருக்குப் பின்னால்
இரண்டு தட்டு.
மூச்சு.
இன்னொரு தட்டு.

கை நின்றது.

டங்.

பிறகு எழுந்த கூச்சல் நம்முடையதில்லை.
கிரைண்டர் ஓடுகிற சமையலறையில்
மற்றவர்களுக்கு அது வெறும் இரைச்சல்.
போனில் ஜெசிந்தா இப்போதுதான்
கோட்டுக்கு வந்து பனியனில் கை துடைக்கிறாள்.
பாப்பாத்தி தாலியைக் கண்ணில் ஒற்றிக்கொள்கிறாள்.
மாதேஷ் என்னைப் பார்க்கிறான்,
சொல்லுக்கா.

சொல்லவில்லை.
அந்தச் சின்னக் கண்ணாடிக்குள்
அவள் இன்னும் தவறவிடவில்லை.

சொல்ல வெட்கமாக இருக்கிறது.
சுவர் தப்பாகக் கேட்டிருக்கும் என்று
நானும் எட்டிப் பார்த்தேன்.
முழங்கை மடிந்து, விரல் விரிந்து, பந்து கிளம்புவதை
ஏழு வருஷத்தில் முதல்முறையாகப் பார்த்தேன்.
எவ்வளவு உயரம் போகிறது அது!
கேட்கும்போது தெரியவே இல்லை.

ஜெயித்தால் வைக்கலாம் என்று
ஊறப்போட்டிருந்த ஜவ்வரிசியை
என்ன செய்வது என்று பாப்பாத்தி கேட்டாள்.
பாலை அடுப்பில் ஏற்றினேன்.

மழை இறங்கியபோது
பின்படியில் ஷூ சத்தம்.
இரண்டு அடி. ஒரு நிறுத்தம்.

இன்று முட்டை நாள் இல்லை.
ஒன்று மட்டும்
வெந்துகொண்டிருந்தது.