மூன்று பிரதிகள்

திபிலீசியில் ஒரு நிலவறைக் கடை.
சன்னலில் கால்கள் மட்டும் போகும்.
கெத்தினோ மேசையில் வைத்தாள்:
ஒரு கைபேசி, கீல் உடைந்த மடிக்கணினி,
பேட்டரி உப்பிய பழைய கேம் கருவி.
மூன்றிலும் ஒரே விளையாட்டு.
எதிலும் திறக்கவில்லை.

நெஸ்தான் கோப்புகளை விரித்தாள்.
எண்கள், புழுக்கள் போல.
கைபேசியில் வீடு பிழைத்திருந்தது, கூரையில்லாமல்.
கூரை மடிக்கணினியில்;
ஆனால் ஆற்றங்கரை தாண்டினால் எல்லாம் பூஜ்யம்.
பழைய கருவியில்தான்
பாலம், அக்கரை, ஒரு குதிரை.
சேமித்துக்கொண்டிருக்கும்போதே
மின்சாரம் போயிருக்கிறது.

வெட்டினாள், ஒட்டினாள்.
கூட்டுத்தொகை மூன்று முறை உதைத்தது.
நான்காவதில் இசைந்தபோது
தேநீரில் ஏடு படிந்திருந்தது.

திரையில் மழை.
கொட்டகையில் குதிரை வாலாட்டியது.
இரண்டாம் ஆட்டக்காரன் மட்டும்
பெயருக்குப் பதில் ஆறு கேள்விக்குறிகளோடு
வாசலில் நின்றான்.

"மூன்றிலும் அந்த இடம் போய்விட்டது.
பெயர் சொன்னால் அடித்துவிடுவேன்.
இல்லை, ஆளையே எடுத்துவிடவா?"

கெத்தினோ விரல்விட்டு எண்ணினாள்.
"அவன் பெயர் ஐந்து எழுத்துதான்."
வெளியே ஒரு சிவப்புக் காலணி நின்று, போனது.
"அப்படியே இருக்கட்டும்.
குதிரைக்குத் தீனி வைக்கிறானா என்று
பாருங்கள்."

நெஸ்தான் பொத்தானை அழுத்தினாள்.
வைத்தான்.